ஈ உட்கார்ந்த முகம்

அந்தத் தெருவுக்குப் புதிதாகக் குடிவருகிறவர்கள் முதல் வாரத்திலேயே ஒருமுறை வெலவெலத்துப் போவார்கள். தபால்காரர் ஒரு வீட்டு வாசலில் சைக்கிளை நிறுத்திவிட்டு, "பொணம் இருக்காரா?" என்று சத்தமாகக் கேட்பார். உள்ளேயிருந்து ஒரு பெண்குரல், "இப்பத்தான் படுத்தாரு, இருங்க எழுப்பி விடுறேன்" என்று பதில் சொல்லும். புதியவர்கள் கதவைச் சாத்திக்கொண்டு ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வார்கள். மறுநாள் முடிதிருத்தும் கடையில் யாராவது விஷயத்தைச் சொல்லிச் சிரிப்பார்கள். அப்புறம் அவர்களும் பொணம் என்றே கூப்பிட ஆரம்பித்துவிடுவார்கள்.

மனிதர் ஒரு படத்தில் நடித்தவர். ஒரே ஒரு படம், அதில் ஒரே ஒரு காட்சி. வசனம் கிடையாது, நடை கிடையாது, கண்ணைத் திறப்பதுகூடக் கிடையாது. மகன் செத்துக் கிடக்கிறான், தாய் அவன் முகத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள், அவ்வளவுதான் காட்சி. கேமரா கிட்டே போய்க்கொண்டே இருக்கும். திரை முழுக்க முகம் மட்டும் ஆனபோது எங்கிருந்தோ ஒரு ஈ வந்து கீழுதட்டில் உட்காரும். உதட்டோரமாக நடக்கும், மூக்கு நுனிக்கு ஏறும், மறுபடி இறங்கும். முகம் ஆடாது, அசையாது. அந்தப் படத்தின் கதை என்னவென்று இன்றைக்கு ஒருத்தருக்கும் ஞாபகமில்லை. ஈயை மட்டும் எல்லாருக்கும் ஞாபகமிருக்கிறது.

அவர் நடிக்கப் போனவரும் இல்லை. மெத்தைப் பட்டறையில் பஞ்சு அறை ஆள். படப்பிடிப்புக்கு ஒரு மெத்தை வேண்டுமென்று கேட்டிருந்தார்கள், தலையில் சுமந்துகொண்டு போனார். பிணமாகப் படுத்த ஆளுக்கு ஒவ்வொரு தடவையும் சிரிப்பு வந்துகொண்டே இருந்ததாம். அழுகிற அம்மாவுக்குக் கண்ணீர் வற்றிப் போயிற்று. டைரக்டர் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, "மெத்தை கொண்டாந்த ஆளு, நீ படுய்யா" என்றிருக்கிறார். தான் கொண்டுபோன மெத்தையிலேயே இவர் படுத்தார். நூற்று நாலு எண்ணுகிறவரை மூச்சை அடக்கினார். பஞ்சு அறையில் இருப்பவனுக்கு அது ஒன்றும் பெரிய வித்தையல்ல. பஞ்சு அடிக்கிற மெஷினின் கதவைத் திறந்தால் வெள்ளையாக ஒரு புகை கிளம்பும். அது அடங்குகிறவரை மூச்சை விடாமல் நிற்க வேண்டும், அப்புறம் குனிந்து பஞ்சை அள்ள வேண்டும். ஒரு நாளைக்கு இருநூறு தடவை இதே வேலை. மூக்கைக் கட்டத் துணி வேண்டுமென்று யாரும் கேட்கவுமில்லை, யாரும் கொடுக்கவுமில்லை.

அதெல்லாம் நடந்து முப்பத்திரண்டு வருடம் ஆகிவிட்டது. இப்போது அவரால் வாசலிலிருந்து கொல்லைக்குப் போவதற்குள் இரண்டு இடத்தில் சுவரைப் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டும். மூச்சை அடக்குகிறவனுக்குள்ளும் பஞ்சு எப்படியோ போய்ச் சேர்ந்துவிட்டது.

அவர் மனைவி அதே பட்டறையில் விளிம்புத் தையல்காரி. இன்னும் போய்க்கொண்டுதான் இருக்கிறாள். மெத்தையின் நீளப் பக்கத்துக்கு நூற்று இருபது தையல், அகலப் பக்கத்துக்கு எழுபது. எண்ணித் தைக்காவிட்டால் மூலையில் துணி சுருங்கிவிடும். எண்ணி எண்ணி அவளுக்கு அது ஒரு வியாதியாகவே ஆகிவிட்டது. பஸ்ஸில் உட்கார்ந்தால் கம்பத்தை எண்ணுவாள், மழை பெய்தால் ஓட்டிலிருந்து சொட்டுகிற சொட்டை எண்ணுவாள். அவளுக்கு அந்தப் படம் ஆகவே ஆகாது. வயிற்றுப் பிள்ளைக்காரியாக தியேட்டரில் உட்கார்ந்திருந்தவள், கேமரா கிட்டே போகப் போகக் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டாள். அதற்கப்புறம் டிவியில் எத்தனையோ தடவை போட்டுவிட்டார்கள். அந்த இடம் வந்தால் அடுப்படிக்கு எழுந்து போய்விடுவாள். ஊரே பார்த்த அந்தக் காட்சியைப் பார்க்காத ஒரே ஆள் அவள்தான்.

இப்படி இருக்கும்போதுதான் அந்த போன் வந்தது. அன்றைக்குப் படத்தில் கிளாப் பலகை தட்டிக்கொண்டிருந்த உதவியாளர் இப்போது பெரிய டைரக்டராம். புதுப் படத்தில் ஒரு அப்பா செத்துக் கிடக்கிற காட்சி. அதற்கு அந்த ஈ அண்ணன்தான் வேண்டும் என்று ஒரே பிடியாக நிற்கிறாராம். வியாழக்கிழமை காலையில் வண்டி வரும் என்றார் படக் கம்பெனி மேனேஜர்.

போனை வைத்த மனிதரின் முகத்தில் வந்த களையை அவள் நாலைந்து வருடமாகப் பார்த்ததில்லை.

"ஏய், கேட்டியா? நான்தான் வேணுமாம்."

"கேட்டேன். மெதுவாப் பேசுங்க, இளைக்குது பாருங்க."

"ஞாபகம் வச்சிருக்கான் பாரேன். ஒல்லியா, பென்சில் மாதிரி இருப்பான். எனக்கு டீ கொண்டாந்து கொடுத்தவன்டி."

"சரி, நடிச்சுடுவீங்களா?"

"இதுல நடிக்க என்ன இருக்கு? படுக்கணும். அவ்ளோதானே?"

அவ்வளவுதான் என்றால் ஏன் அன்றைக்கே ஒத்திகையை ஆரம்பித்தார்? மத்தியானம் கட்டிலில் நீட்டிப் படுத்துக்கொண்டு, "எண்ணு" என்றார். அவள் வீட்டுக்குக் கொண்டுவந்திருந்த தலையணை உறையை மடியில் போட்டுக்கொண்டு, ஊசி ஏறி இறங்குகிற கணக்கில் எண்ணினாள். பதினொன்றில் மார்பு குலுங்கிற்று. இருமல் கிளம்பி, எழுந்து உட்கார்ந்து, கண்ணில் நீர் வழிகிறவரை இருமினார்.

"எத்தனை?"

"பதினொண்ணு."

"நீ வேகமா எண்ணுறே."

"நான் எண்ணுறதுலயா இப்ப கோளாறு?"

மறுநாள் பன்னிரண்டு. அதற்கு மறுநாள் பதினாலு. பதினாலில் உதடு ஊதா நிறமாகி, அவள் பயந்துபோய் முதுகைத் தட்டினாள். அந்த நேரம் பார்த்து மகள் உள்ளே வந்தாள். மருந்துக்கடையில் வேலை. அப்பாவுக்கு இன்ஹேலர் கொண்டுவந்திருந்தாள். ஒரு பார்வையிலேயே எல்லாம் விளங்கிவிட்டது அவளுக்கு.

"என்னப்பா பண்றீங்க? டாக்டர் என்ன சொன்னாரு?"

"டாக்டர் ஆயிரம் சொல்லுவாரு."

"மாடிப்படி ஏறாதீங்க, சத்தமாச் சிரிக்காதீங்கன்னாரு. சிரிக்கிறதுக்கே தடை போட்ட மனுஷன்கிட்ட மூச்சடக்கப் போறேன்னு சொல்லிப் பாருங்களேன். அம்மா, நீயும் உக்காந்து எண்ணிக்கிட்டு இருக்கே?"

"நான் எண்ணலைன்னா அவரே எண்ணிக்குவாரு. அப்ப எங்க நிறுத்துவாரோ தெரியாது."

"போகக்கூடாது. அவ்ளோதான்."

"பாப்பா" என்றார் அவர். முப்பத்தொரு வயதுப் பெண்ணை அவர் இன்னும் அப்படித்தான் கூப்பிடுகிறார். "இருபத்தெட்டு வருஷம் பஞ்சு அள்ளினேன். ஒருத்தனாவது, அண்ணே நீங்க அள்ளின பஞ்சுலதான் படுத்தேன், நல்லாத் தூங்கினேன்னு வந்து சொன்னானா? ஒண்ணே முக்கால் நிமிஷம் சும்மா கெடந்தேன். அதைத்தான் சொல்றான். எனக்குன்னு இருக்கிறது அது ஒண்ணு."

மகள் இன்ஹேலரை மேஜைமேல் வைத்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். பெற்றவளுக்கு யார் பக்கம் பேசுவதென்றே தெரியவில்லை. இரண்டு பேர் சொல்வதும் சரியாகத்தான் பட்டது. அதுதான் அவளுக்கு அலுப்பாக இருந்தது. ரொட்டியைச் சுட்டு, முட்டையைப் பொரித்து மூன்று தட்டில் வைத்தாள். மூன்று பேரும் தட்டைப் பார்த்துக்கொண்டே தின்றார்கள்.

புதன்கிழமை மத்தியானச் சாப்பாட்டு இடைவேளையில் அவள் பட்டறையிலிருந்து நழுவினாள். வீட்டில் ஒரு வார்த்தை சொல்லவில்லை. இந்த ஆளை விட்டுவிடுங்கள், வேறு பிணம் பார்த்துக்கொள்ளுங்கள் என்று மேனேஜரின் காலில் விழுந்தாவது கேட்டுவிடுவது என்று முடிவு செய்திருந்தாள். அது துரோகம்தான், அவளுக்குத் தெரியும். அவர் வெள்ளைச் சட்டையைத் தேய்த்து மாட்டி வைத்திருந்தது வழியெல்லாம் கண்ணுக்குள்ளேயே நின்றது.

மேனேஜரின் ஆபீஸ் ஒரு பாத்திரக்கடைக்கு மேலே இருந்தது. இரண்டு காதிலும் இரண்டு போன் வைத்துக்கொண்டிருந்தார் மனிதர். அவள் தலையில் ஒட்டியிருந்த பஞ்சைப் பார்த்துக்கொண்டே, உட்காருங்கள் என்று கண்ணைக் காட்டினார்.

"சார், நான் பொணத்தோட சம்சாரம்."

அவருக்கு ஒரு நிமிடம் ஒன்றும் ஓடவில்லை. அப்புறம் சிரித்துவிட்டார். "ஓ, ஈ அண்ணன் வீட்டம்மாவா? சொல்லுங்கம்மா."

"அவரால முடியாது சார். மூச்சு அடக்க முடியல. பதினாலுக்கு மேல போகல. போனா அப்படியே போயிடுவாரு. அவருகிட்ட நான் வந்தேன்னு சொல்லாதீங்க. வேற ஆளு வச்சாச்சுன்னு சொல்லிடுங்க. உங்களுக்குப் புண்ணியமாப் போகும்."

"அட, இதுக்கா இவ்ளோ தூரம் வந்தீங்க?" மேனேஜர் இரண்டு போனையும் மேஜையில் வைத்தார். "யாரும்மா இப்பல்லாம் மூச்சு அடக்குறா? அவரு பாட்டுக்குப் படுத்து நிம்மதியா மூச்சு விடட்டும். இருமினா இருமட்டும், இன்னொரு தடவை எடுத்துக்குவோம். மார்பு அசையறதை எல்லாம் பின்னாடி கம்ப்யூட்டர்ல அழிச்சுடுவாங்க."

"அழிச்சுடுவாங்களா?"

"மூச்சே தெரியாது. ஈ வேணும்னா ஈயையும் அதுலயே போட்டுக்கலாம்."

படியிறங்கும்போது அவளுக்கு உடம்பில் பாரமே இல்லாத மாதிரி இருந்தது. கெஞ்ச வேண்டியதில்லை, துரோகம் செய்ய வேண்டியதில்லை, அவர் ஆசைப்படி போகலாம், நோகாமல் திரும்பி வரலாம். கடவுளே இறங்கி வந்து வழி சொன்னால்கூட இவ்வளவு சுளுவாக இருந்திருக்காது. சாயங்காலம் செருப்பைக் கழற்றுவதற்கு முன்பே அவரிடம் எல்லாவற்றையும் கொட்டிவிட்டாள்.

அங்கேதான் அவள் தப்புச் செய்தாள். வேறு வீட்டில் இது நல்ல சேதி. இந்த வீட்டில் இதைச் சொல்லியிருக்கக் கூடாது.

அவர் குடிக்க எடுத்த டீ டம்ளரை வாயிலிருந்து இறக்கினார்.

"ஈயையும் போட்டுக்குவாங்களா?"

"அப்படித்தான் சொன்னாரு."

"அப்ப நான் எதுக்கு?"

"ஏங்க, உங்க முகம்…"

"முகத்துல என்னடி இருக்கு? செத்தவன் முகம் யாருதா இருந்தா என்ன? வழியில போறவனைப் பிடிச்சுப் படுக்கப் போட்டு மூச்சை அழிச்சுட்டாப் போச்சு." டம்ளரைக் கீழே வைத்தார். "நீ எதுக்கு அங்க போனே?"

அவளால் பொய் சொல்ல முடியவில்லை. "உங்களை வேணாம்னு சொல்லச் சொல்லத்தான் போனேன்."

கத்துவார் என்று எதிர்பார்த்தாள். கத்தியிருந்தால் தேவலை. அவர் எழுந்து, சுவரைப் பிடித்துக்கொண்டு போய், மாட்டியிருந்த வெள்ளைச் சட்டையை எடுத்து மடித்துப் பெட்டிக்குள் வைத்தார். அதற்கே அவருக்கு ஐந்து நிமிடம் ஆயிற்று. ஒத்தாசை செய்யப் போன அவளைக் கையைக் காட்டி நிறுத்திவிட்டார்.

வியாழக்கிழமை விடிந்ததும் அதே சட்டையைப் போட்டுக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். சட்டை மடிப்பு மடிப்பாகக் கசங்கியிருந்தது.

"போறீங்களா?"

"போறேன். அவங்க அழிக்கிறதுக்கு ஒண்ணும் இருக்கக் கூடாது. அப்படிப் படுக்கப் போறேன்."

முந்தின நாள் மத்தியானம் இறக்கிவைத்த பாரம் இரண்டு மடங்காகத் திரும்பி ஏறிக்கொண்டது. பட்டறைக்கு வரவில்லை என்று பக்கத்து வீட்டில் சொல்லி அனுப்பிவிட்டு, இன்ஹேலரை முந்தானையில் முடிந்துகொண்டு அவளும் வண்டியில் ஏறினாள். "நீ எதுக்கு?" என்றார். "பொணத்தைத் தனியா அனுப்பக் கூடாது" என்றாள். அவருக்குச் சிரிப்பு வந்து, இருமலில் முடிந்தது.

ஒரு பழைய வீட்டின் நடுக்கூடத்தில் கட்டில் போட்டிருந்தார்கள். வெளியே வெயில் கொளுத்தியது, உள்ளே விளக்குகள் அதற்கு மேல். டைரக்டர் வந்து அவர் கையைப் பிடித்துக்கொண்டு, "அண்ணே, ஆளே மாறலையே" என்று கூசாமல் பொய் சொன்னார். இப்போது டைரக்டர் பென்சில் மாதிரி இல்லை. வேட்டி மாற்றி, முகத்தில் மாவு பூசி, கழுத்துவரை வெள்ளைத் துணி போர்த்தினார்கள். அவர் மெத்தையின் விளிம்பை விரலால் தடவிப் பார்த்தார்.

"நம்ம பட்டறைத் தையல் இல்ல" என்றார் அவளிடம். "பாரு, மூலை சுருங்கியிருக்கு."

"பேசாமப் படுங்க. மூச்சு விட்டுக்கிட்டே படுங்க. எனக்கு வாக்குக் கொடுத்திருக்கீங்க."

"எப்பக் கொடுத்தேன்?"

அதற்குள் எல்லாரும் விலகச் சொன்னார்கள். அவள் விளக்குக் கம்பத்துக்குப் பக்கத்தில் ஒதுங்கி நின்றாள். மகளாக நடிக்கிற சின்னப் பெண் கட்டிலோரம் உட்கார்ந்தாள். சத்தம் அடங்கிற்று. கேமரா மெல்ல நகர ஆரம்பித்தது.

துணி அசையவில்லை. அடக்கிவிட்டார் பாவி மனுஷன். அவள் கையில் ஊசி இல்லை, ஆனாலும் விரல் தானாகத் தைத்தது. ஐந்து. பத்து. பன்னிரண்டு. வாழ்நாளில் முதல் தடவையாக அவள் அந்த முகத்தைக் கண்ணை மூடாமல் பார்த்தாள். ஊரே பார்த்தது இதைத்தானா? சுற்றி நின்றவர்கள் வாயைப் பிளந்து பார்த்தார்கள். டைரக்டர்கூட நாற்காலியிலிருந்து முன்னால் சாய்ந்தார். பதினாலு. பதினேழு. நன்றாகத்தான் இருந்தது. அவளுக்கே ஒரு பெருமை எட்டிப் பார்த்தது. இருபது. மாவுக்குக் கீழே உதட்டின் நிறம் மாறிற்று. இருபத்திரண்டு. கழுத்து நரம்பு ஒன்று புடைத்தது. அது அவள் நின்ற இடத்திலிருந்துதான் தெரிந்தது, மற்றவர்களுக்குத் துணி மறைத்தது. கத்தினால் அவர் மானம் போகும். கத்தாவிட்டால் ஆளே போய்விடுவார். இருபத்தைந்து. இருபத்தாறு.

"யோவ், மூச்ச விடுய்யா!"

கல்யாணமான நாளிலிருந்து நாலு பேர் முன்னால் அவரை 'ங்க' போடாமல் அவள் பேசியதில்லை.

கூடமே திரும்பிப் பார்த்தது. கட்டிலில் கிடந்தவர் வில்லாக வளைந்து எழுந்தார். நெஞ்சு கிழிகிற மாதிரி ஒரு இருமல். அவள் ஓடிப்போய் இன்ஹேலரை வாயில் வைத்து, முதுகை நீவிவிட்டாள். ரொம்ப நேரம் ஆயிற்று. யாரோ தண்ணீர் கொண்டுவந்தார்கள், யாரோ விளக்கை அணைத்தார்கள். "யாருப்பா அந்தம்மாவை உள்ள விட்டது?" என்று பின்னாலிருந்து ஒரு குரல் கேட்டது.

டைரக்டர் வந்து மெத்தையின் ஓரத்தில் உட்கார்ந்தார்.

"அண்ணே, மூச்சு விடலாம்னு சொல்லியிருந்தேனே."

"சொன்னாங்க தம்பி." அவருக்கு வார்த்தை துண்டு துண்டாக வந்தது. "அப்ப நான் எதுக்கு, சொல்லுங்க. எல்லாத்தையும் மெஷின் பாத்துக்கும்னா?"

டைரக்டர் கையிலிருந்த காகிதத்தைச் சுருட்டினார், பிரித்தார்.

"அன்னிக்கு அந்த ஈ வந்தப்ப உங்களுக்குப் பக்கத்துல நின்னது நான்தாண்ணே. விரட்டணும்னு கை வந்துச்சு. அன்னிக்கு டைரக்டரா இருந்த பெரியவர் என் சட்டையைப் பிடிச்சு இழுத்துட்டாரு. எல்லாரும் என்னா நடிப்புன்னாங்க. நான் நிஜமாவே செத்துட்டீங்கன்னு நினைச்சேன். வீட்டுக்குப் போயும் சோறு இறங்கல." காகிதத்தைச் சட்டைப்பையில் வைத்தார். "இப்பவும் அதே மாதிரி ஆயிடுச்சு. இன்னொரு தடவை என்னால முடியாதுண்ணே. மூச்சு விட்டுக்கிட்டுப் படுங்க. எனக்காக."

அவர் மனைவியைப் பார்த்தார். அவள் மூக்கைச் சிந்திக்கொண்டிருந்தாள். மாவு கலைந்த முகத்தைத் துடைத்துவிட்டு, மெத்தையில் சாய்ந்து, "பூசுங்க" என்றார் மேக்கப்காரரிடம்.

இரண்டாவது தடவை அவர் சும்மா படுத்திருந்தார். வெள்ளைத் துணி ஏறிற்று, இறங்கிற்று. நடுநடுவே லேசாக ஒரு விசில் சத்தம். கூடத்தில் ஒருத்தரும் வாயைப் பிளக்கவில்லை. லைட்காரர் கொட்டாவி விட்டார். கேமரா தன்பாட்டுக்கு நகர்ந்து முகத்துக்குக் கிட்டே போயிற்று. ஒண்ணே முக்கால் நிமிடம். அவள் மட்டும் கண் கொட்டாமல், அந்தத் துணியையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"ஓகே" என்று கைதட்டினார்கள், ஒப்புக்கு. மேனேஜர் வாசல்வரை வந்து வண்டிக் கதவைத் திறந்துவிட்டார்.

"ஒண்ணும் கவலைப்படாதீங்கண்ணே. ஒரு மூச்சு விடாம சுத்தமா அழிச்சுடுவோம்."

வண்டி பாத்திரக்கடையைத் தாண்டி, பட்டறைச் சுவரைத் தாண்டிப் போயிற்று. உள்ளே மெஷின் ஓடுகிற சத்தம் தெருவரை கேட்டது. அவர் கண்ணை மூடிச் சாய்ந்திருந்தார். காதோரத்தில் மாவு ஒட்டியிருந்தது. தூங்கிவிட்டார் என்று அவள் நினைத்தபோது பேசினார்.

"எத்தனைடி?"

"என்ன எத்தனை?"

"நடிக்காதே. நீ எண்ணாம நின்னிருக்க மாட்டே."

"மொதத் தடவை இருபத்தாறு."

"இருபத்தாறா!" கண்ணைத் திறந்துவிட்டார். "வீட்ல பதினாலைத் தாண்டல. நீ மட்டும் கத்தாம இருந்திருந்தா முப்பது போயிருப்பேன்."

"போயிருப்பீங்க. போயேதான் இருப்பீங்க."

அவர் சிரிக்கப் பார்த்தார், வேண்டாமென்று நிறுத்திக்கொண்டார். அவள் முந்தானை நுனியால் அவர் காதோர மாவைத் துடைத்துவிட்டாள்.

"ரெண்டாவது தடவை முப்பத்தெட்டு" என்றாள்.

"ரெண்டாவது தடவை நான் அடக்கவே இல்லையே. எதைப் போட்டு எண்ணினே?"

"விட்டதைத்தான் எண்ணினேன்."

அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். ஒரு தெரு கடந்தது, இன்னொரு தெருவும் கடந்தது.

"அதைத்தான் அழிச்சுடுவாங்களே" என்றார்.

"அழிக்கட்டும்" என்றாள் அவள். "நான் எண்ணியாச்சு."